வேர்வைப் பட்டா

ஆவுடைத்தாய்க்கு முழங்கால் இரண்டும் கழன்று தனியே விழுந்துவிடும்போல இருந்தது. விடிவதற்கு முன்னாலேயே சரளைப் புஞ்சையில் இறங்கி, உழவுக்கு இடைஞ்சலாகக் கிடந்த கல்லையெல்லாம் பொறுக்கி வரப்பில் போட்டுவிட்டு, அப்படியே பஸ்ஸைப் பிடித்து நின்றுகொண்டே வந்திருந்தாள். தாலுகா ஆபீஸ் வராந்தாவிலும் நிற்கத்தான் வேண்டியிருந்தது. கடைசியில் பொறுக்கமாட்டாமல் சுவரோரம் குத்தவைத்து உட்கார்ந்தாள். உட்கார்ந்தது தப்பு. எழுந்திரிக்கும்போது முட்டி என்னென்ன பேசும் என்று அவளுக்குத் தெரியும்.

வரிசையில் இருந்த எல்லாரும் வேர்வைப் பட்டா வாங்க வந்தவர்கள்.

ஒரு காலத்தில் நிலம் யாருடையது என்று காகிதம் சொன்னது. பிறகு அந்தக் காகிதத்தை எந்த டீக்கடை பெஞ்சிலும் ஒரு போனை வைத்துக்கொண்டு தயாரிக்கலாம் என்று ஆகிவிட்டது. செத்துப்போன பதிவாளரின் கையெழுத்து, பாட்டனின் கைரேகை, முப்பாட்டன் பேசிய குரல், எது வேண்டுமானாலும் அசலைவிட அசலாகக் கிடைத்தது. ஒரே புஞ்சைக்கு ஏழு பேர் பத்திரத்தோடு வந்து நின்றார்கள். கோர்ட் கையை விரித்தது. அப்புறம்தான் மண்ணையே கேட்டுவிடுவது என்று சட்டம் வந்தது. யார் உடம்பு வேர்வை அந்த மண்ணில் கூடுதலாக இறங்கியிருக்கிறதோ, நிலம் அவருக்கு.

"நம்ம பெரிய பண்ணை கதை கேட்டீயளா?" என்றார் வரிசையில் பக்கத்தில் நின்ற மீசைக்காரர். யாரிடம் என்றில்லாமல் பொதுவாகச் சொன்னார். "மெட்ராஸ்ல ஏசி ரூமுக்குள்ள மிசின்மேல ஏறி ஓடு ஓடுன்னு ஓடி, வேர்வைய வழிச்சு வழிச்சு கேன்ல புடிச்சிருக்காரு. அதைக் கொண்டாந்து ட்ரோன்ல தெளிச்சிருக்காக."

"அப்புறம்?"

"அப்புறம் என்ன. மண்வாசிப்பு மிசின் அதைச் சீண்டவே இல்ல. இடுப்பு ஒடிய வேல செய்யும்போது வேர்வையோட ஒரு சத்து எறங்குமாம்லா. அது இருந்தாத்தான் கணக்காம். பண்ணையாரு ஓடுன ஓட்டத்துக்கு எடை கொறஞ்சதுதான் மிச்சம்."

வராந்தாவே சிரித்தது. ஆவுடைத்தாயும் சிரித்தாள். அந்தச் சட்டத்துக்காக மெயின் ரோட்டில் மூன்று நாள் உட்கார்ந்து, போலீஸ் வேனில் ஏறி இறங்கியவள் அவள். சிரிக்க அவளுக்குப் பாத்தியதை உண்டு.

ஜன்னலில் அவள் பெயரைக் கூப்பிட்டார்கள். எழுந்தாள். முட்டி பேசியது.

கிளார்க் பரமானந்தம் நிமிர்ந்து பார்க்காமல் ஒரு தாளை நீட்டினார். "வெள்ளரங்குளம், சரளைப் புஞ்சை. ஒரு ஏக்கர் எண்பது சென்ட். கையெழுத்துப் போட்டுட்டு வாங்கிக்கோங்க."

"சரளைப் புஞ்சை என்னோடது இல்லய்யா. அது வெயிலுமுத்தோடது. எனக்கு அடுத்தாப்ல இருக்க கெணத்துப் புஞ்சை."

"கெணத்துப் புஞ்சை வெயிலுமுத்து பேர்ல வந்திருக்கு."

"அதெப்பிடி வரும்? மாத்தி எழுதிட்டீகளா?"

"மிசின் மாத்தி எழுதாதும்மா. உங்க மனு தள்ளுபடி. அடுத்த ஆளு வாங்க."

அவள் நகரவில்லை. "தள்ளுபடின்னா அதை எழுத்துல குடுங்க. மிசின் என்ன வாசிச்சுச்சோ அதையும் முழுசாக் குடுங்க."

"வாயால சொன்னாப் பத்தாதா?"

"பத்தாது. நெலத்துக்காரங்க கேட்டா வாசிப்பு நகல அன்னைக்கே குடுக்கணும்னு அந்தா போர்டுல போட்டிருக்கு."

பரமானந்தம் அப்போதுதான் நிமிர்ந்தார். "போர்டை யாரும் படிக்கமாட்டாங்கன்னுதான்மா அவ்வளவு உயரத்துல மாட்டியிருக்கு."

"உயரத்துல மாட்டுனாலும் எங்க வேர்வையிலதான மாட்டியிருக்கு. குடுங்க."

பின்னால் வரிசை முணுமுணுத்தது. மீசைக்காரர், "குடுத்துத் தொலைங்க சார், அந்தம்மா நகராது. நாங்களும் வீட்டுக்குப் போகணும்லா" என்றார். பரமானந்தம் எழுந்து உள்ளே போய்விட்டு வந்து, "மேடம் கூப்பிடுதாங்க" என்றார். அதைச் சொல்லும்போது அவர் முகத்தில் ஒரு சங்கடம், ஒரு நிம்மதி.

மண்வாசிப்பு அதிகாரி ரெஜினாவுக்கு முப்பது வயது இருக்கும். மேசையில் மண் சிந்திக்கிடந்தது. நாற்காலியை இழுத்துப் போட்டு, "உக்காருங்கம்மா, காலு வலிக்குதுன்னு நடையிலயே தெரியுது" என்றாள். பிறகு கணினித் திரையை அவள் பக்கம் திருப்பினாள். கிணத்துப் புஞ்சையின் மண் அதில் கேக்கை வெட்டி வைத்ததுபோல அடுக்கடுக்காகத் தெரிந்தது.

"அடியில இருக்கிற இந்த மஞ்சளும் பச்சையும் உங்க வீட்டுக்காரரும் நீங்களும். கிட்டத்தட்ட சரிபாதி. அதுக்கு மேல திடீர்னு உங்க ரெண்டு பேரையும் காணோம். அங்கேருந்து உச்சிவரைக்கும் நீலம். வெயிலுமுத்து. ஒரு ஆளே உழைச்சிருக்காரு. மேலே வர வர அவரு மெலிஞ்சுக்கிட்டே வாராரு, வயசாகியிருக்கும். ஆனா வேற யாரும் இல்ல. பக்கத்துச் சரளைப் புஞ்சையில பாத்தா அடியில மட்டும்தான் அவரு, அதுக்கு மேல பூரா நீங்க. என்னம்மா நடந்துச்சு? ரெண்டு பேரும் நெலத்தை மாத்திக்கிட்டீங்களா?"

"நெலத்த மாத்தல தாயி. வேலைய மாத்துனோம்."

ரெஜினாவுக்கு விளங்கவில்லை. ஆவுடைத்தாய் சொன்னாள். வெள்ளரங்குளத்தில் மாத்தாள் போவது என்று ஒரு வழக்கம். கூலிக்கு ஆள் வைக்க வக்கில்லாத வீடுகள், இன்றைக்கு நீ என் காட்டில் களை எடு, நாளைக்கு நான் உன் காட்டில் எடுக்கிறேன் என்று உழைப்பைக் கொடுத்து உழைப்பை வாங்கிக்கொள்ளும். எழுத்து கிடையாது. சாட்சி கிடையாது. அவரவர் விளைச்சல் அவரவர் வீட்டுக்கு.

அவள் புருஷன் சங்கையாவைக் கிணத்துப் புஞ்சையில் வைத்து இடி அடித்தது. ஐப்பசி மழைக்கு வேப்பமரத்தடியில் ஒதுங்கியிருக்கிறான். மரமும் அவனும் ஒன்றாகக் கருகினார்கள். அதற்குப் பிறகு அந்தப் புஞ்சையில் அவளுக்குக் கால் இறங்கவில்லை. வரப்புவரைக்கும் போவாள். வரப்பைத் தாண்டினால் பாதம் சுடுகிற மாதிரி இருக்கும். அந்த வருஷம் பருத்தி களை மண்டிக் கிடந்தபோது வெயிலுமுத்துதான் வந்து சொன்னான்: "மதினி, நான் உங்க காட்டைப் பாக்கேன். நீங்க எங்காட்டைப் பாருங்க. மாத்தாள்தான். வெளச்சல் அவுகவுகளுக்கு." ஒரு போகத்துக்கு என்று பேசினது. யாரும் அதை நிறுத்தவில்லை. அப்படியே இருபது வருஷத்துக்கு மேல் ஓடிவிட்டது.

ரெஜினா திரையில் தெரிந்த அடுக்குகளை மறுபடி ஒரு தடவை பார்த்தாள். "இது சட்டத்துல இல்லம்மா" என்றாள்.

"அவனே வந்து எம் பேர்ல எழுதிக் குடுத்துருவான் தாயி. கையெழுத்துக் கேட்டா எங்க வேணும்னாலும் போடுவான்."

"அதுதான் முடியாது. வேர்வைப் பட்டா வாங்குனவங்க உயிரோட இருக்கறவரைக்கும் இன்னொருத்தருக்கு எழுதிக்குடுத்தா செல்லாது. அப்படி ஒரு கதவைத் தொறந்து வச்சிருந்தா, மறுநாளே பண்ணைக்காரங்க கூலியாளுங்க கையைப் புடிச்சு எழுதி வாங்கியிருப்பாங்க. அதனாலதான் அடைச்சாங்க."

ஆவுடைத்தாய்க்கு அது ஞாபகம் வந்தது. 'எழுதி வாங்காதே' என்று கத்தினவர்களில் அவளும் ஒருத்தி. தொண்டை கட்டி மூன்று நாள் பேச்சு வராமல் கிடந்தாள்.

"அப்ப வழியே இல்லயா?"

"ஒண்ணு இருக்கு. மறுவாசிப்பு. ஒரே ஒரு தடவைதான் தருவாங்க. மேல்மண்ணுக்குத்தான் மதிப்பு அதிகம். ஒரு போகம் முழுசா அவரவர் நெலத்துல அவரவர் மட்டும் எறங்கி ஒழைங்க. அடுத்தவங்க நெலத்துல ஒரு சொட்டு விழக்கூடாது. நானே வந்து வாசிக்கிறேன்." சொல்லிவிட்டு மனுவை அவளே எழுதினாள். வாசிப்பு நகலில் முத்திரை குத்திக் கொடுத்தாள். வெளியே வந்தபோது பரமானந்தம், "கெடைச்சிருச்சா?" என்றார். "போர்டைக் கீழ எறக்கி மாட்டுங்க" என்றாள் ஆவுடைத்தாய்.

ஊரில் விஷயம் அவளுக்கு முன்னாலேயே போய்ச் சேர்ந்திருந்தது. மறுநாள் உச்சியில் அவள் காட்டுக்குப் போனபோது வெயிலுமுத்து கிணத்து மேட்டில் உட்கார்ந்து புண்ணான கால்விரலுக்குத் துணி சுற்றிக்கொண்டிருந்தான். அவனுக்குச் சர்க்கரை. உழவர் அட்டை வைத்திருக்கிறவர்களுக்கு அரசு ஆஸ்பத்திரியில் சும்மா கிடைக்கிற ஊசியில்தான் அவன் நடமாட்டம். அவளைப் பார்த்ததும் எழுந்திருக்கப் போனான்.

"உக்காரு. ஒனக்கு நல்ல காடு வந்திருக்காம்லா. ராசா மாதிரி உக்காரு."

"ஏன் மதினி குத்துதீக."

"குத்தாம? கரிசல் பூமி, கெணத்துல தண்ணி. எனக்கு உஞ்சரளைக்காடு. எத்தன கல்லுன்னு நான்தான் எண்ணியிருக்கேன்."

அவன் சிரிக்கவில்லை. துணியை முடிச்சுப் போட்டான். போட்ட முடிச்சை அவிழ்த்து மறுபடியும் போட்டான். அவள் அதைக் கவனித்தாள். கரிசல் நிலத்தைப் பார்த்து ஆசைப்படாத சம்சாரி எங்கே இருக்கிறான்.

"சிவகாசியிலேர்ந்து எம் பய போன் போட்டான்" என்றான் கடைசியில். "'ஐயா, வாய மூடிட்டு இரும். வந்த காட்டை விட்டுராதியும்'னான். ராத்திரி பூரா பொரண்டு பொரண்டு படுத்தேன் மதினி. பொய் சொல்லக்கூடாது. ஒரு நேரம் வச்சுக்கிட்டா என்னன்னுகூடத் தோணுச்சு."

"விடிஞ்சப்புறம்?"

"விடிஞ்சப்புறம் அந்தக் கரிக்கட்டைதான கண்ணுல படுது." அவன் காட்டிய திசையில் கருகிய வேம்பின் அடி ஆளுயரத்துக்கு நின்றது. "அண்ணன் நிக்கிற மாதிரி நிக்கி. நானும் வெட்டணும் வெட்டணும்னுதான் நெனைக்கேன். அருவாளத் தூக்குனா கை வரமாட்டேங்கு."

அவள் மறுவாசிப்பைப் பற்றிச் சொன்னாள். அவன் உடனே தலையாட்டினான். எவ்வளவு சீக்கிரம் தலையாட்டினான் என்பதில் அவளுக்கு மனசு ஆறிப்போனது.

"அப்பம் நாளையிலேர்ந்து நீங்க உங்க காட்டுல. நான் எங்காட்டுல. நடுவுல வரப்பு. எல்லைப் பட்டாளம் மாதிரி நிக்க வேண்டியதுதான்."

"ஒரு சொட்டு இந்தப் பக்கம் விழக்கூடாது, பாத்துக்க."

"எங்கிட்ட சொட்டுறதுக்கு என்ன இருக்கு மதினி. எல்லாம் வத்திப்போச்சு" என்றான். அவள் அதை வயசுப் பேச்சாக எடுத்துக்கொண்டாள். தோளில் கிடந்த அவன் துண்டு உச்சி வெயிலிலும் கடையில் வாங்கினது போலக் காய்ந்து கிடந்தது. அதையும் பார்த்தாள். பார்த்தது மனதில் நிற்கவில்லை.

புரட்டாசியில் விதைப்பு. வரப்பின்மேல் நின்று ஆவுடைத்தாய் காலைத் தூக்கினாள், இறக்கினாள், மறுபடியும் வரப்பிலேயே வைத்தாள். அந்தப் பக்கத்திலிருந்து வெயிலுமுத்து பார்க்காததுபோலப் பார்த்துக்கொண்டிருந்தான்.

"மண்ணு சுடுதா மதினி?"

"சுடுது."

"வெயிலுக்கு எல்லாருக்கும்தான் சுடும்."

அவளுக்குக் கோபம் வந்தது. கோபத்தில்தான் இறங்கினாள். பாதம் சுட்டது. உண்மையாகவே வெறும் வெயில்தான் சுட்டது. பத்தடி, இருபதடி நடந்தபிறகு அது புரிந்து, நடு உழவுசாலில் நின்று அழுதாள். அழுதுகொண்டே, 'கண்ணீரையும் மிசின் எடுத்துக்கிடுமா என்னமோ' என்று ஒரு நினைப்பு ஓடியது. அந்த நினைப்புக்குத் தன்னையே திட்டிக்கொண்டாள்.

அதற்குப் பிறகு வேலைதான். பாதி உளுந்து, கிணத்தை ஒட்டிப் பாதி மிளகாய். களைக்கொத்தைப் பிடித்தால் உச்சி சாய்கிறவரை நிமிரமாட்டாள். முந்தியெல்லாம் சேலை முந்தியால் முகத்தைத் துடைப்பாள். இப்போது துடைக்கவில்லை. நெற்றியிலிருந்து மூக்கு வழியாக இறங்கி மண்ணில் சொட்டுவதைச் சொட்டவிட்டாள். ஒரு சொட்டு விழுந்து கருத்து, உடனே உலர்ந்து, இடம் தெரியாமல் போகும். தன் பெயரைத் தானே எழுதுவதுபோல இருந்தது. ஊரே அந்தப் போகத்தில் இப்படித்தான் திரிந்தது. மாத்தாள் கூப்பிட்டால் யாரும் போகவில்லை. தாய்வீட்டுக் காட்டில் களை எடுக்க வந்த தங்கச்சியை, "நீ வேர்த்துப் பாகம் கேட்கவா வந்த?" என்று அண்ணன்காரன் விரட்டினான். உதவிக்கு வருகிறவனைச் சந்தேகமாய்ப் பார்க்க ஊர் பழகிக்கொண்டது. அதைச் செய்யச் சொல்லி எந்தச் சட்டத்திலும் எழுதியிருக்கவில்லை.

வெயிலுமுத்துவும் சும்மா இருக்கவில்லை. சரளையில் கம்பும் கொள்ளும் போட்டிருந்தான். புண்ணுக்கால் விரலைப் பழைய சைக்கிள் டியூபால் கட்டிக்கொண்டு கல்லைப் புரட்டினான். அடிக்கடி குடத்துத் தண்ணியைத் தலையில் கவிழ்த்துக்கொள்வான்.

"என்ன வெயிலு, நாளுக்கு எத்தன குளிப்பு? மாப்பிள்ளையா ஆகப்போற?"

"உள்ளுக்குள்ள கொதிக்கு மதினி. வெளிய வரமாட்டேங்கு."

தை கழிந்து, மிளகாய் பழுத்த மாசியில் ஒரு நாள், கம்பந்தட்டைக்கு நடுவில் அவன் தலை தெரியவில்லை. கூப்பிட்டாள். பதில் இல்லை. வரப்புவரை ஓடிவந்து நின்றாள். அவன் குப்புறக் கிடந்தான்.

அவள் தலையிலிருந்து கால்வரை நனைந்திருந்தாள். அந்தப் பக்கம் போனால் சொட்டும். ஒரு மூச்சு விடுகிற நேரம் வரப்பில் நின்றாள். அந்த ஒரு மூச்சை அவள் பிற்பாடு பல நாள் நினைத்துக்கொண்டாள். பிறகு முந்தானையை உருவித் தலையையும் முகத்தையும் கழுத்தையும் சேர்த்துச் சுற்றி இறுக்கிக்கொண்டு பாய்ந்தாள்.

அவனைத் தொட்டாள். அடுப்புக்கல் மாதிரி சுட்டது. தோல் உலர்ந்து மொறமொறவென்று இருந்தது. கையைப் பிடித்து இழுத்தாள். அவன் கண்ணைத் திறந்து முக்காடு போட்ட அந்த உருவத்தைப் பார்த்து மிரண்டான்.

"யாரு?"

"நான்தாம்ல."

"வராதீக மதினி! வேர்வை விழுந்துரும்! போங்க அந்தப் பக்கம்!"

"வாய மூடு. செத்துப்போனா யாருக்குடா பட்டா?"

புளியமர நிழலுக்கு இழுத்துப்போட்டு, குடத்தைக் கவிழ்த்தாள். சாயங்காலம் ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப்போனாள். வெயில் தாக்கம், சர்க்கரை முற்றியிருக்கிறது, காட்டு வேலைக்குப் போகக்கூடாது என்றார்கள். அவன் மறுநாளே போனான். "இன்னும் அறுப்புத்தான மதினி. பாதியில விட்டா மிசின் என்ன நெனைக்கும்" என்றான்.

பங்குனியில் ரெஜினா கருவியோடு வந்து இரண்டு புஞ்சையிலும் துளை போட்டாள். ஊரே வரப்பில் நின்று பார்த்தது. வெயிலுமுத்து புதுச்சட்டை போட்டிருந்தான். கருவி போனபிறகு இருவரும் கிணத்தடியில் ஒரே வாளித் தண்ணியைக் குடித்தார்கள். ஒரு போகம் முழுக்க அதைக்கூடச் செய்யவில்லை.

பதினைந்து நாள் கழித்துத் தாலுகா ஆபீஸுக்கு அவள் மட்டும் போனாள். அவனுக்குக் கால் வீங்கியிருந்தது. போர்டு பழைய உயரத்திலேயே இருந்தது. பரமானந்தம் ஒன்றும் பேசாமல் நேரே உள்ளே அனுப்பினார். அதுவே அவளுக்குச் சரியாகப் படவில்லை.

"கெணத்துப் புஞ்சை உங்க பேருக்கு வந்திருச்சும்மா" என்றாள் ரெஜினா. "மேல்மண்ணு பூரா நீங்கதான். இவ்வளவு வேர்வைய ஒரு போகத்துல நான் எங்கேயும் பாத்ததில்ல."

"சரளைக்காடு அவனுக்குத்தான?"

ரெஜினா திரையைத் திருப்பினாள். சரளைப் புஞ்சையின் அடுக்கில் அடியில் கொஞ்சம் நீலம், அதற்கு மேல் பூராவும் பச்சை. உச்சியில், இந்தப் போகத்து மண் இருக்க வேண்டிய இடத்தில், நிறமே இல்லாத ஒரு பட்டை.

"என்னது இது? வெள்ளையா இருக்கே."

"அங்க யாரும் வேலை செய்யலன்னு சொல்லுது."

"யாரும் செய்யலயா? கொத்திக் கொத்திக் கால்விரல் அழுகுற நெலையில கெடக்கான். நான் பாத்தேன் தாயி. ஊரு பாத்துச்சு!"

"நானும் வெளச்சலைப் பாத்தேம்மா. மூணு தடவை துளை போட்டேன். யாரு வேர்வைன்னு ஒத்துப்பாக்க எடுக்கிற அவரு உமிழ்நீரையும் மறுபடி எடுத்துப் பாத்தேன். டாக்டர்கிட்டயும் கேட்டேன்." அவள் குரல் இறங்கியது. "சர்க்கரை முத்துனா சில பேருக்கு நரம்பு செத்து, வேர்வை வர்றதே நின்னுபோயிருமாம். போன வருஷ வாசிப்புலயே மேல வர வர அவரு மெலிஞ்சுக்கிட்டே வந்தாருல்ல? நான் வயசுன்னு நெனச்சிட்டேன். அப்பவே விளங்கியிருக்கணும். அவருக்கு இப்ப வேர்வையே கிடையாதும்மா. உழைப்பு இருக்கு. மிசினுக்குத் தெரியல."

வெளியே யாரோ டீ சொன்னார்கள். யாரோ கடனுக்கா என்று கேட்டுச் சிரித்தார்கள்.

"மேல்மண்ணுல ஆளில்லன்னா, அதுக்குக் கீழ உள்ளவங்க பேருக்குத்தான் போகும். அது நீங்க. ரெண்டும் உங்க பேருக்கு வந்திருக்கு. மறுவாசிப்பு முடிஞ்சுபோச்சு. நான் மேல எழுதியிருக்கேன். பதில் வர வருஷக்கணக்காகும். வராமலும் போகலாம்."

"அன்னைக்கு அவன் விழுந்தப்போ நான் ஓடுனனே. அதுல ஏதும்..."

"இல்லம்மா. அதுல ஒண்ணுமே இல்ல. முக்காடு போட்டுக்கிட்டுப் போனீங்களாமே, ஊர்ல சொன்னாங்க. நீங்க அவரோட அந்தக் காடு முழுக்க வேர்த்திருந்தாலும் இதேதான். வேர்க்காம இருந்தாலும் இதேதான்."

அப்படியானால் வரப்பில் நின்ற அந்த ஒரு மூச்சு எதற்கு என்று ஆவுடைத்தாய் யோசித்தாள். அதை ரெஜினாவிடம் கேட்கவில்லை.

"நான் வேண்டாம்னா?"

"வேண்டாம்னு எழுதிக்குடுத்தா அது உரிமையில்லா நெலம்னு ஏலத்துல ஏதாவது கம்பெனிக்குப் போயிரும். அவருக்குப் போகாது."

"அவன் உழவர் அட்டை?"

ரெஜினா இரண்டு பட்டாத் தாள்களையும் எடுத்து அவள் முன்னால் வைத்தாள். பட்டா இல்லாதவனுக்கு அட்டை இல்லை. அட்டை இல்லாதவனுக்கு ஊசி இல்லை. அது இரண்டு பேருக்கும் தெரியும். ஆவுடைத்தாய் இரண்டு தாள்களையும் வாங்கினாள். வாசிப்பு நகலையும் கேட்டு வாங்கினாள். கேட்கிற உரிமை அவளுக்கு இருந்தது. கேட்டதெல்லாம் கிடைத்தது.

வெயிலுமுத்து வீட்டு வாசலில் கட்டிலில் காலை நீட்டிக் கிடந்தான். தாளைக் கையில் கொடுத்தாள். அவன் எழுத்துக் கூட்டிப் படித்தான். ஒரு தடவை படித்தவன் மறுபடியும் ஆரம்பத்திலிருந்து படித்தான். அவள் நடந்ததைச் சொல்லி முடிக்கும்வரை தாளைவிட்டுக் கண்ணை எடுக்கவில்லை.

"அப்பம் நான் ஒரு போகம் பூரா அங்க என்னத்தச் செஞ்சேன்?"

"கம்பு அறுத்த. மூணு மூட்டை."

"மிசின்கிட்டக் கம்பைக் காட்டியிருக்கலாம்" என்றான். சிரிக்கப் பார்த்தான். வாய் கோணியது. உள்ளங்கையைத் திருப்பிப் பார்த்துக்கொண்டான். காய்ப்பு ஏறி, வெடித்து, உலர்ந்த கை. "ஒழைச்சவனுக்கு நெலம்னு நீங்கல்லாம் ரோட்டுல ஒக்காந்தப்போ, ஒங்களுக்குக் கஞ்சி கொண்டாந்தவன் நானு மதினி. நெனப்பிருக்கா?"

"இருக்கு. உப்புப் போடாமக் கொண்டாந்த."

அவன் தாளை மடித்து அவளிடமே நீட்டினான். "பேரு ஒங்க பேரு. நீங்களே வச்சிருங்க."

"பேரு எம் பேரு. நெலம் உன் நெலம். தாள் உன் வீட்டுல இருக்கட்டும். இனிமே அங்க நான் உழைப்பேன், வெளச்சல் உன் வீட்டுக்கு. உன் ஊசிக்கு எம் மொளகாக் காசு. நான் கண்ண மூடுனா எம்மகளுக்குத்தான் போகும்னு சட்டம். அவகிட்டச் சொல்லி வைக்கேன்."

"சொன்னா கேப்பாளா?"

"தெரியாது."

அவன் அந்தப் பதிலை மதித்தான். தாளைத் தலையணைக்கு அடியில் வைத்தான். கொஞ்சநேரம் கழித்து, "அப்பம் நாளைக்கு யாரு காட்டுல யாரு வேல?" என்றான்.

"ரெண்டும் நான்தான். நீ வரப்புல ஒக்காந்து குத்தஞ்சொல்லு."

மறுநாள் அவள் சரளைப் புஞ்சையில் இறங்கியபோது அவன் சொன்னபடியே வரப்பில் குடையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தான். கல் பொறுக்கக் குனிந்தாள். முட்டி பேசியது. நெற்றியிலிருந்து சொட்டு விழுந்து, இன்னொருத்தன் மண்ணில் அவள் பெயரை இன்னும் ஆழமாக எழுதியது.

ஆவுடைத்தாய் வெயிலுமுத்துவுக்கு ஒரு ஏக்கர் எண்பது சென்ட் நிலம் கடன்பட்டிருக்கிறாள். திருப்பிக் கொடுக்க அவளுக்குச் சட்டத்தில் வழியில்லை.